பற்று நோட்டும் பத்து இலக்கமும்

போன மாசியில் அம்மாவை மருந்துக்கடைக்கு அழைத்துப் போனேன். ஊரெல்லாம் கிளை வைத்திருக்கும் பெரிய கடை. சர்க்கரைக்கு இரண்டு அட்டை மாத்திரை, முழங்காலுக்குத் தடவ ஒரு களிம்பு. அம்மா சுருக்குப்பையைத் திறந்து ரூபாய் நோட்டுகளை எண்ணி மேசையில் வைத்தார். பில் போடும் பெண் பணத்தைத் தொடவில்லை.

"நம்பர் சொல்லுங்கம்மா."

"என்ன நம்பரு?"

"போன் நம்பர்மா. அது போட்டாத்தான் பில்லு வரும்."

அம்மா என் பக்கம் திரும்பினார். "காசுதான் குடுத்துட்டேனே. பாக்கி ஒண்ணும் இல்லையே. அப்புறம் எதுக்குப்பா எழுதுறாங்க?"

பின்னால் வரிசை நின்றது. நான் என் எண்ணைச் சொன்னேன். "பேஷன்ட் பேரு?" என்றாள். அம்மாவின் பெயரையும் சொன்னேன். பில் வந்தது. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அம்மாவின் கேள்வி கூடவே வந்தது. அவருக்குத் தெரிந்த கடை வழக்கத்தில் கடன் வாங்கியவர் பெயரைத்தான் எழுதுவார்கள். ரொக்கம் கொடுத்தவரை எழுத வேண்டிய தேவையே இல்லை. அந்தப் பழைய எழுத்தையும் இந்தப் புதிய எழுத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும் என்று அன்றைக்குத்தான் தோன்றியது.

மதுரையில் நான் வளர்ந்த தெருவின் முனையில் ஒரு மளிகைக்கடை இருந்தது. கடைக்காரர் தூத்துக்குடிப் பக்கத்துக்காரர். எங்கள் எல்லோருக்கும் அண்ணாச்சி. கல்லாவுக்கு மேலே ஆணியில் சணல் கயிறு கட்டி ஒரு நீள நோட்டைத் தொங்கவிட்டிருப்பார். அட்டையில் எண்ணெய்ப் பிசுக்கு ஏறியிருக்கும். முதல் பக்கத்தில் மஞ்சள் தடவி, பிள்ளையார் சுழி போட்டு, லாபம் என்று எழுதியிருப்பார். வீட்டுக்கு இத்தனை பக்கம் என்று ஒதுக்கீடு. அதில் யாருடைய பெயரும் முழுதாக இருக்காது. வாசலில் மரம் நின்றதால் எங்கள் கணக்கின் தலைப்பு ‘வேப்பமரம்’. மற்றவை ‘மாடி வீடு’, ‘நர்ஸம்மா’, ‘பம்ப் செட்’. கீழே ‘து.ப. 1, சீனி 2, ந.எ. அரை’ என்று ஓடும். வேறு யாராவது நோட்டைத் தூக்கிக்கொண்டு போனாலும் பாதி விளங்காது. அவர் கையெழுத்துதான் அதற்குப் பூட்டு.

இன்னொன்றும் உண்டு. அண்ணாச்சியிடம் பெரிய நோட்டு இருந்ததைப்போல எங்கள் வீட்டில் ஒரு குட்டி நோட்டு இருந்தது. சாமான் வாங்கப் போகும்போது பையோடு அதையும் நான் எடுத்துப் போவேன். பெரிய நோட்டில் எழுதும் வரியை இதிலும் எழுதித் தருவார். அப்பாவுக்கு மில்லில் சம்பளம் போட்ட மறுநாள் அம்மா குட்டி நோட்டை மடியில் வைத்து வரி வரியாகக் கூட்டுவார். ஒரு மாதம் கால் கிலோ உளுந்து இரண்டு முறை ஏறியிருந்தது. அம்மா கடைக்குப் போய்க் காட்டினார். அண்ணாச்சி கண்ணாடியைப் போட்டுப் பார்த்துவிட்டு, ‘ஆமாக்கா, தப்புத்தான்’ என்று இரண்டு நோட்டிலும் அடித்தார். பணத்தை எண்ணி வாங்கியதும் பக்கத்தின் குறுக்கே சாய்வாக ஒரு கோடு இழுத்து ‘பைசல்’ என்று எழுதுவார். அந்தக் கோடு விழும் சத்தத்தை நான் இன்றும் நினைத்துக்கொள்ள முடியும். பேனா காகிதத்தைக் கீறிக்கொண்டு போகும்.

காசு கொடுத்து வாங்குகிற வீடுகளுக்கு அந்த நோட்டில் பக்கமே கிடையாது. எதிர்வீட்டு ரயில்வேக்காரர் பத்து வருஷம் அதே கடையில் வாங்கினார். அவர் என்ன வாங்கினார் என்பதற்கு ஒரு வரி எழுத்து இந்த உலகத்தில் இல்லை.

அண்ணாச்சி கடையைப் பொற்காலமாக்கிப் பேச எனக்கு விருப்பமில்லை. அங்கேயும் எங்களைப் பற்றிய விவரம் சேர்ந்தது, கசிந்தது. சித்திரையில் புதுக்கணக்கு போட்டதும் பழைய நோட்டைக் கிழித்துப் பொட்டலம் மடிப்பார். ஒருநாள் கடுகுப் பொட்டலத்தைப் பிரித்தால் உள்ளே நர்ஸம்மாவின் பாக்கி. அதைவிட மோசமானது வாய்வழிக் கசிவு. மில்லில் கதவடைப்பு நடந்த மூன்று மாதம் நாங்கள் பாக்கியைத் தீர்க்க முடியாமல் தவித்தோம். அண்ணாச்சி அதை யதேச்சையாக மாடி வீட்டுக்காரரிடம் சொல்லியிருக்கிறார். அது சுற்றி வளைந்து எங்கள் சித்தப்பா காதுக்குப் போய், அவர் வீட்டுக்கு வந்து அப்பாவைப் பிடித்துக்கொண்டார். அன்று சாயங்காலம் அம்மா நேராகக் கடைக்குப் போனார். நாலு பேர் நிற்கும்போதே கேட்டார்: "எங்க வீட்டுக் கணக்கை எதுக்கு அண்ணாச்சி அடுத்த வீட்டுல சொன்னீங்க?" அண்ணாச்சி தராசைக் கீழே வைத்துவிட்டார். "வாய் தவறிப் போச்சுக்கா" என்றார். அதற்குப் பிறகு எங்கள் கணக்கு அந்தக் கடையைத் தாண்டி வெளியே போனதாக நாங்கள் கேள்விப்படவில்லை.

பெண்களுக்கு அந்தக் கடையின் பார்வை பெரிய பாரமாகவே இருந்தது. அக்கா நாப்கின் வாங்கப் போனால் கடையில் ஆம்பளைகள் போகும்வரை தள்ளி நிற்பாள். அண்ணாச்சி அதைச் செய்தித்தாளில் சுற்றிக் கறுப்புப் பையில் போட்டுத் தருவார். எந்தப் பெண் எந்த நேரத்தில் யாரோடு பேசிக்கொண்டு தெருவைக் கடந்தாள் என்பதும் கல்லாவுக்குத் தெரியும். கல்லாவுக்குத் தெரிந்தால் வீட்டுக்குத் தெரியும். பிற்பாடு ஊருக்குள் பெரிய கடை வந்து, தானே எடுத்துக் கூடையில் போட்டுக்கொள்ளலாம் என்று ஆனபோது அக்கா அடைந்த நிம்மதி பொய்யானது இல்லை. அவளை அறியாத ஒருத்தியிடம் காசைக் கொடுத்துவிட்டு அவள் பாட்டுக்கு வெளியே வந்தாள். தெருவின் கண்ணிலிருந்து தப்பிக்க நகரமும் பெரிய கடையும் வழி தந்தன. அந்த வழியைத்தான் இப்போது பத்து இலக்கம் அடைக்கிறது. அதனால்தான் எனக்கு இது உறுத்துகிறது.

இனி அந்தப் பத்து இலக்கத்துக்கு வருவோம். பில் போடும்போது எண்ணைச் சொன்னால் என்ன நடக்கிறது? பார்கோடு வழியாகப் பொருள்கள் ஒவ்வொன்றும், நாள், நேரம், கிளை, தொகை எல்லாம் ஏற்கெனவே கணினியில் ஏறியாயிற்று. சரக்குக் கணக்குக்கு அது போதும். அதுவரை அது ஆள் இல்லாத பில். எண் சேர்ந்ததும் அது ஓர் ஆளுடைய பில் ஆகிறது. அடுத்த மாதப் பில் அதனோடு ஒட்டிக்கொள்கிறது. ஒரு வருஷம் போனால் அந்த வீட்டில் எத்தனை பேர், குழந்தை எந்த வயது, யாருக்கு என்ன நோய், பண்டிகைக்கு ஊருக்குப் போகிறார்களா என்று யாரும் சொல்லாமலே ஒரு சித்திரம் எழுந்துவிடும்.

கடைக்காரர்கள் இதைக் கண்டுகொண்டு முப்பது வருஷம் ஆகிறது. பிரிட்டனின் டெஸ்கோ கடைகள் 1995இல் ‘கிளப்கார்டு’ என்ற வாடிக்கையாளர் அட்டையை நாடு முழுதும் கொடுத்தன. கிளைவ் ஹம்பி, எட்வினா டன் என்ற தம்பதி அதற்கு முன்பே சில கடைகளில் சோதித்து, முடிவுகளை நிர்வாகக் குழு முன் வைத்தார்கள். தான் முப்பது வருஷத்தில் அறிந்ததைவிட அதிகமாக இவர்கள் மூன்று மாதத்தில் தன் வாடிக்கையாளர்களை அறிந்துவிட்டார்கள் என்று நிறுவனத் தலைவர் இயன் மக்லாரின் வியந்ததாக அந்தத் தொழிலில் இன்றும் சொல்கிறார்கள். முப்பது வருஷம் கடை நடத்திய ஒருவருக்கு வந்த அந்த வியப்பில் எனக்கு எங்கள் அண்ணாச்சிதான் தெரிகிறார்.

அமெரிக்காவின் டார்கெட் கடைகளைப் பற்றி 2012 பிப்ரவரியில் சார்லஸ் டுஹிக் ‘நியூயார்க் டைம்ஸ்’ வார இதழில் எழுதிய கட்டுரை உலகம் முழுக்கப் பேசப்பட்டது. ஆண்ட்ரூ போல் என்ற புள்ளியியலாளர் சுமார் 25 பொருள்களை ஒன்றாக வைத்துப் பார்த்தார். மணமில்லாத பூச்சு, சில சத்து மாத்திரைகள், பஞ்சு போன்ற சாதாரணப் பொருள்கள்தான். அவற்றில் எவற்றை வாங்குகிறாள் என்பதை வைத்து ஒரு பெண் கர்ப்பமாக இருக்கிறாளா என்று மதிப்பெண் போட்டார்கள். எனக்கு அந்தக் கட்டுரையில் மறக்காமல் நிற்பது வேறொரு சிறு தகவல். தாங்கள் அறிந்துவிட்டது தெரிந்தால் பெண்கள் மிரளுகிறார்கள் என்று கடைக்குப் புரிந்தது. ஆகவே குழந்தை டயப்பர் விளம்பரத்துக்குப் பக்கத்தில் புல்வெட்டும் இயந்திரத்தின் விளம்பரத்தையும் சேர்த்து அனுப்பினார்கள். பார்ப்பவளுக்கு ஏதோ பொதுவாக எல்லோருக்கும் வந்த தாள் என்று தோன்ற வேண்டும்.

இந்த இடத்தில் அண்ணாச்சி நோட்டும் இந்தப் புது நோட்டும் தீர்மானமாகப் பிரிகின்றன. அண்ணாச்சிக்கு எங்களைத் தெரியும் என்பது எங்களுக்குத் தெரியும். அவரையும் எங்களுக்குத் தெரியும். அவர் மகன் பத்தாம் வகுப்பில் தவறியது, சரக்கு எடுக்கக் கீழமாசி வீதியில் யாரிடம் கடன் வைத்திருந்தார் என்பது, அவருக்கு எந்தக் காலில் வீக்கம் என்பது எல்லாம் தெருவுக்கு அத்துபடி. இரு பக்கமும் ஓடிய அறிவு அது. அவர் எங்கள் மானத்தைக் காப்பாற்றியதற்கு அவருடைய நல்ல குணம் பாதிக் காரணம், எங்கள் கையிலும் அவருடைய மானம் கொஞ்சம் இருந்தது மீதிக் காரணம். பெரிய கடையிலோ, ஒருவழிக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று பார்க்கிறவரை நமக்குத் தெரியாது. அவருக்கு நம்மைத் தெரியும் என்பதைக்கூட நம்மிடமிருந்து மறைக்க ஏற்பாடு நடக்கிறது.

ஆனால் கைபேசி எண்ணுக்கு வேறொரு குணம் இருக்கிறது. அது வாடிக்கையாளர் அட்டையைவிட மிக வலுவானது. கடை அட்டை அந்தக் கடையில் மட்டும் செல்லும். கைபேசி எண் எல்லா இடத்திலும் ஒன்றே. கேஸ் பதிவு, வங்கி, ஆதார், பிள்ளையின் பள்ளி, உணவு கொண்டுவரும் செயலி, ரத்தப் பரிசோதனை நிலையம் எல்லாவற்றிலும் அதே பத்து இலக்கம். முன்பு நிறுவனத்தை மாற்றினால் எண்ணும் மாறும். 2011 ஜனவரியில் எண்ணை மாற்றாமலே நிறுவனத்தை மாற்றிக்கொள்ளும் வசதி நாடு முழுதும் வந்தது. நல்ல வசதிதான். ஆனால் அதற்குப் பிறகு எண் நம் பெயரைவிட நிலையான பெயராகிவிட்டது. என் பெயரில் இந்த ஊரில் நூறு பேர் இருக்கலாம். என் எண்ணில் நான் ஒருவன்தான். அண்ணாச்சி நோட்டில் ‘வேப்பமரம்’ என்று இருந்தது, பக்கத்துத் தெரு ஜவுளிக்கடை நோட்டில் அப்பா பெயர் இருந்தது, டாக்டர் சீட்டில் வேறு மாதிரி இருந்தது. அந்த நோட்டுகளைச் சேர்த்துத் தைக்க ஊசியும் இல்லை, நூலும் இல்லை. இந்த எண்தான் நூல்.

தைப்பது எப்படி என்று பார்க்கலாம். பேஸ்புக் 2012இலும் கூகுள் 2015இலும் வியாபாரிகளுக்கு ஒரு வழியைத் திறந்தன. கடை தன்னிடம் உள்ள வாடிக்கையாளர் பட்டியலை ஏற்றினால், அந்த ஆட்களுடைய திரைக்கே விளம்பரம் போகும். இன்றைக்கு அந்தப் பட்டியலில் தொலைபேசி எண்ணைக் கொடுத்தாலே போதும். எண்ணை அப்படியே அனுப்புவதில்லை, ஒரு கணக்கில் போட்டு உருமாற்றித்தான் அனுப்புகிறோம் என்பார்கள். உண்மைதான். ஆனால் ஒரே எண்ணைப் போட்டால் ஒரே உருத்தான் வரும். அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் உருவைப் பொருத்திப் பார்த்தால் ஆள் அகப்படுவார். பொருந்துவதற்காகத்தானே அனுப்புவதே. இன்னொன்று, நம் கைபேசி எண்கள் 6, 7, 8, 9 ஆகியவற்றில்தான் தொடங்குகின்றன. மொத்தமாகச் சாத்தியமான எண்களே 400 கோடிதான். அத்தனைக்கும் முன்கூட்டியே உருப் போட்டு வைத்துக்கொள்வது இன்றைய கணினிக்கு மலையைப் புரட்டும் வேலை இல்லை.

பெயரும் எண்ணும் இல்லாவிட்டால் பயமில்லை என்றும் சொல்ல முடியவில்லை. 2015 ஜனவரியில் ‘சயின்ஸ்’ இதழில் இவ்-அலெக்சாந்தர் தெ மாண்ட்ஜாயும் உடன் ஆய்வாளர்களும் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். 11 லட்சம் பேரின் மூன்று மாத அட்டைச் செலவுகள், பெயரெல்லாம் நீக்கியவை. எந்த நாள், எந்தக் கடை என்று நான்கே நான்கு செலவுகள் தெரிந்தால் அதில் 90 விழுக்காட்டினரைத் தனித்துப் பிரித்தெடுக்க முடிந்தது. ஆண்களைவிடப் பெண்களைப் பிரித்தெடுப்பது எளிதாக இருந்தது. கடையிலிருந்து தப்பி வந்த என் அக்காவை நினைத்துக்கொண்டு அந்த வரியை இரண்டு முறை படித்தேன்.

மருந்துக்கடைக்குப் போய் வந்த மூன்றாவது வாரம் எனக்கு ஓர் அழைப்பு வந்தது. நல்ல தமிழ், மரியாதையான குரல். அம்மாவின் பெயரைச் சொல்லி, "அம்மா இருக்காங்களா சார்? சுகர் இருக்கவங்களுக்குன்னு ஒரு செருப்பு வந்திருக்கு" என்றார் ஒருவர். அம்மாவிடம் கைபேசியே கிடையாது. அவர் பெயரும் என் எண்ணும் அவருக்குச் சர்க்கரை என்பதும் சேர்ந்திருக்கும் இடங்கள் எனக்குத் தெரிந்து நான்கு: அந்த மருந்துக்கடை, பரிசோதனை நிலையம், மருத்துவமனை, காப்பீட்டுப் படிவம். எங்கிருந்து எடுத்தீர்கள் என்று கேட்டேன். "கம்பெனியில குடுத்த லிஸ்ட் சார்" என்றார். எந்தக் கம்பெனி என்றதும் தொடர்பு அறுந்தது. நான் யார்மீதும் பழி சொல்ல முடியாது, எனக்குத் தெரியாது. அம்மா அண்ணாச்சி கடைக்கு நடந்துபோய்க் கேட்டாரே, அதுபோல நான் எந்தக் கடைக்குப் போவேன்? நாலு இடத்திலும் கேட்டேன். நாலு இடத்திலும் நாங்கள் இல்லை என்றார்கள். நாலு பேரும் உண்மையே சொல்லியிருக்கலாம். அழைத்தவரும் பாவம், ஏதோ ஓர் அறையில் உட்கார்ந்து பட்டியலைப் பார்த்துப் படிக்கும் சம்பளக்காரர். தவறு நடந்திருக்கிறது, ஆனால் அதற்கு ஒரு முகம் இல்லை.

இதற்குச் சட்டம் இல்லையா என்றால், இருக்கிறது. நம் நாட்டில் அந்தரங்க உரிமைக்கு முக்கியமான ஒரு தீர்ப்பு தமிழ்நாட்டு வழக்கிலிருந்தே வந்தது. தூக்குத் தண்டனைக் கைதி ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை வெளியிட ‘நக்கீரன்’ முனைந்தபோது அதிகாரிகள் தடுக்கப் பார்த்தார்கள். 1994 அக்டோபரில் உச்ச நீதிமன்றம், நம்மைத் தனியே இருக்கவிடும்படி கேட்கும் உரிமை அரசமைப்பின் 21ஆம் பிரிவுக்குள் அடங்கியது என்று சொன்னது. அதே தீர்ப்பில், பொது ஆவணங்களில் உள்ளதை இதழ் வெளியிடலாம், அரசு முன்கூட்டித் தடுக்க முடியாது என்றும் சொன்னது. 2017 ஆகஸ்ட் 24 அன்று, ஓய்வுபெற்ற நீதிபதி கே.எஸ்.புட்டசாமி தொடுத்த வழக்கில், ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாக அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உறுதிசெய்தார்கள். அதற்கு ஆறு வருஷம் கழித்து, 2023 ஆகஸ்டில், டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது.

அந்தச் சட்டத்தைப் படித்தபோது எனக்கு ஒரு வியப்பு காத்திருந்தது. ஏழாம் பிரிவில் விளக்கத்துக்காக ஓர் எடுத்துக்காட்டு கொடுத்திருக்கிறார்கள். அது ஒரு மருந்துக்கடைதான். ஒருத்தி மருந்து வாங்குகிறாள். பணம் பெற்றதற்கான ரசீதைக் கைபேசிக்கு அனுப்பச் சொல்லித் தானாக விவரத்தைக் கொடுக்கிறாள். கடை அந்த ரசீதை அனுப்புவதற்காக அதைப் பயன்படுத்தலாம். என் அம்மா நின்ற அதே மேசை. அவள் ‘தானாக’க் கொடுக்கிறாள், ‘ரசீதுக்காக’க் கொடுக்கிறாள். இந்தச் சட்டம் ஆண், பெண் எவரையும் ‘அவள்’ என்றே எழுதுகிறது என்பதும் எனக்குப் பிடித்திருந்தது. தானாகக் கொடுக்காதவளை என்ன செய்வது என்பதற்கு முன்பே ஒரு பதில் இருந்தது. பில் போட எண்ணைக் கட்டாயப்படுத்தக் கூடாது என்று 2023 மே மாதத்திலேயே மத்திய நுகர்வோர் விவகாரத் துறை சில்லறை வணிகர்களுக்கு அறிவுறுத்தியிருந்தது. அம்மாவிடம் ‘அது போட்டாத்தான் பில்லு வரும்’ என்றார்களே, அது அந்த அறிவுரைக்கு நேர் எதிரானது.

சட்டத்தின் மற்ற பிரிவுகளை அண்ணாச்சி நோட்டோடு பொருத்திப் பார்த்தால் பல இடங்களில் பொருந்துகிறது. என்னைப் பற்றி என்ன வைத்திருக்கிறீர்கள், யாரிடம் பகிர்ந்தீர்கள் என்று கேட்கும் உரிமை எங்கள் குட்டி நோட்டு. திருத்தச் சொல்லும் உரிமை அந்தக் கால் கிலோ உளுந்து. நோக்கம் முடிந்தபின் அழிக்க வேண்டும் என்ற கடமை ‘பைசல்’ கோடு. சம்மதம் கேட்கும் அறிவிப்பை அரசமைப்பின் எட்டாவது அட்டவணை மொழிகளில் பெறலாம் என்பதால் தமிழிலும் கேட்டுப் பெறலாம். இவை சின்ன விஷயங்கள் இல்லை. மதுரைத் தெருவுக்குப் பழக்கத்தால் தெரிந்திருந்ததைப் பெரிய நிறுவனங்களுக்கு எழுத்தில் சொல்லவேண்டி வந்திருக்கிறது.

பொருந்தாத இடமும் உண்டு. பாதுகாப்புக் குறைபாட்டுக்கு 250 கோடி ரூபாய் வரை தண்டம் விதிக்கலாம். அந்தப் பணம் அரசின் கருவூலத்துக்குப் போகும். யாருடைய விவரம் வெளியே போனதோ அவருக்கு இந்தச் சட்டத்தில் இழப்பீடு இல்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் இழப்பீட்டுக்கு இருந்த 43-ஏ பிரிவையும் நீக்க இதே சட்டம் வழி செய்கிறது. அரசுத் துறைகளுக்கு விலக்கு அளிக்கும் கதவும் அகலமாகவே இருக்கிறது. விதிகள் 2025 நவம்பரில்தான் வந்தன. நிறுவனங்களின் முக்கியக் கடமைகள் நடைமுறைக்கு வர அதிலிருந்து 18 மாத அவகாசம். எங்கள் அண்ணாச்சி மன்னிப்புக் கேட்டது அம்மாவிடம்தான், மாநகராட்சியிடம் இல்லை. தவறின் ஈடு யாருக்குப் போக வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

எண்ணைக் கொடுப்பதில் பலன் ஏதும் இல்லை என்று நான் வாதாடமாட்டேன். மருந்தில் கோளாறு தெரிந்து திரும்பப் பெற நேர்ந்தால் வாங்கியவரைத் தேடிப்பிடிக்க எண் உதவும். மாத்திரை தீர்கிறது என்று வரும் ஒரு குறுஞ்செய்தி, தனியாக இருக்கும் முதியவருக்கு உயிர்காப்பு. எச்1 பட்டியலில் உள்ள சில மருந்துகளுக்கு மருந்துக்கடை நோயாளியின் பெயரைத் தனிப் பதிவேட்டில் எழுதி மூன்று வருஷம் வைத்திருந்தே ஆக வேண்டும். கண்டபடி ஆன்டிபயாட்டிக் விற்பதைத் தடுக்க வந்த ஏற்பாடு அது. அந்தப் பதிவேட்டைப் பாருங்கள்: எதற்கு எழுதுகிறோம் என்பது தெளிவு, எவ்வளவு காலம் என்பது தெளிவு. அந்த எழுத்தின்மீது எனக்குப் புகாரே இல்லை. முழங்கால் களிம்புக்கு எண் கேட்பதற்கு அப்படி ஒரு காரணத்தை யாரும் எனக்குச் சொல்லவில்லை.

அண்ணாச்சி கடையும் மாறிவிட்டது என்பதையும் சொல்ல வேண்டும். இப்போது அவர் மகன் கல்லாவில் இருக்கிறார். பற்று நோட்டு இல்லை. க்யூஆர் அட்டையும், பணம் வந்ததை உரக்கச் சொல்லும் ஒரு சின்னப் பெட்டியும் இருக்கின்றன. 2016இல் தொடங்கிய யுபிஐயில் 2025 ஆகஸ்டில் ஒரே மாதத்தில் 2,000 கோடிக்கு மேற்பட்ட பரிமாற்றங்கள் நடந்தன. நானும் அதில்தான் டீக்குக்கூடப் பணம் கொடுக்கிறேன். அதன் அருமையை அறியாதவன் இல்லை. ஆனால் எதிர்வீட்டு ரயில்வேக்காரரைப்போல எழுத்தில் ஏறாமல் ஒருவர் பத்து வருஷம் வாழ்வது இனி அந்தத் தெருவிலும் நடக்காது. மகனிடம் பேசிக்கொண்டிருந்தபோது, தன் கடைக்குப் பணம் அனுப்பும் பெண்களின் பெயர் தன் கைபேசியில் வருவது தனக்கே சங்கடமாக இருப்பதாகச் சொன்னார். அவருடைய அப்பாவுக்கு இருந்த அதே கூச்சம். அந்தக் கூச்சத்தை எந்தச் செயலியில் எப்படி எழுதிச் சேர்ப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

போன வாரம் மறுபடி அம்மாவோடு அதே மருந்துக்கடை. அதே பெண். அம்மா பணத்தை வைத்தார். "நம்பர் சொல்லுங்கம்மா." இந்த முறை நான் வாயைத் திறந்தேன். எதற்காக என்று கேட்டேன். எத்தனை நாள் வைத்திருப்பீர்கள், எடுத்துவிடச் சொன்னால் எடுப்பீர்களா என்றும் கேட்டேன். குரலை உயர்த்தவில்லை. அந்தப் பெண்ணுக்கு என் தங்கை வயதுகூட இருக்காது. அவள் கண்ணில் பயம் தெரிந்தது. "எனக்குத் தெரியல சார். சிஸ்டம் கேக்குது" என்று மெதுவாகச் சொன்னாள். நம்பர் இல்லாத பில் அதிகமானால் மேலாளர் கேட்பாராம். அவளுடைய பில்லும் எங்கேயோ ஒரு நோட்டில் ஏறிக்கொண்டிருக்கிறது.

பின்னால் வரிசை நின்றது. அவள் ஒரு நிமிஷம் யோசித்தாள். அப்புறம் ஒன்பதைப் பத்து முறை தட்டினாள். அச்சுப்பொறி பில்லைத் துப்பியது. அம்மா அதை வாங்கி, எழுத்துக்கூட்டிப் பார்த்து, நாலாக மடித்துச் சுருக்குப்பையில் வைத்துக்கொண்டார்.

படியிறங்கும்போது கேட்டார்: "இப்ப யாரு பேருலப்பா எழுதுனா?"